ஏழு காட்டுக் காப்பிக் கன்றுகள்

சீ, அந்த நாளை நினைத்தால் இன்றும் வாய் கசக்கிறது.

எங்கள் ரோட்ரிக்ஸ் தீவில் வியோலேன் அக்காவுக்கு நல்ல பெயர் கிடையாது. காட்டுக் காப்பி மரத்தைச் சுற்றிய வேலிக்கு அவள்தான் காவல். அந்த இனத்தில் இங்கே மிஞ்சியது அது ஒன்றுதான். அதன் இலையைக் கொதிக்கவைத்துக் குடித்தால் முந்தின நாள் குடித்த ரம்மின் தலைவலி பறந்துவிடும் என்று எங்கள் ஆட்களுக்கு நம்பிக்கை. நானும் ஒருமுறை வேலி ஏறிக் கிளை ஒடித்தவன்தான். முதுகில் ஒரு கல் விழுந்தது. குறி தப்பாதவள்.

பல வருடம் மலடாக நின்ற மரம் ஒருவழியாகக் காய்த்து, அடியில் ஏழு கன்றுகள் முளைத்தன. மரத்துக்கு அகலமான பச்சை இலை. கன்றுக்கோ ஒல்லியான பழுப்பு இலை, பார்த்தால் வெறும் களை. அக்கா வேண்டுமென்றே பலகை எதுவும் வைக்கவில்லை. இன்னதென்று தெரிந்தால் ஒரே வாரத்தில் மொட்டையடித்துவிடுவோம் என்று எங்களைப் பற்றி அவளுக்குத் தெரியாதா? வன அதிகாரி ஃபெலிசியனுக்கு மட்டும் ஒவ்வொன்றாகக் காட்டியிருந்தாள்.

மொரீஷியஸிலிருந்து பெரிய மனிதர்கள் வருகிற நாள் அது. விருந்துக்கு ஆக்டோபஸ் வாங்கிவரச் சொல்லி, வேலிச் சாவியை வாங்கிக்கொண்டு, ஃபெலிசியன் அக்காவைக் கடற்கரைக்கு அனுப்பினார். பிறகு களை பிடுங்க எங்களில் ஆறு பேரை உள்ளே விட்டார்.

"பெரிய மரத்து இலை மாதிரி இல்லாத எல்லாத்தையும் பிடுங்கிடுங்க. போட்டோவுல தரை பளிச்சுன்னு தெரியணும்."

போன் அவர் காதைவிட்டு இறங்கவே இல்லை. நாங்கள் வேரோடு பிடுங்கி வேலிக்கு வெளியே வீசினோம். ஆடுகள் வந்து தின்றன. அந்த ஆடுகளுக்குப் பயந்துதான் வேலியே போட்டது.

அக்கா கூடையோடு திரும்பி வந்தாள். வெறும் தரையில் ஏழு இடத்திலும் குனிந்து விரலால் மண்ணைக் கிளறிப் பார்த்தாள். நாங்கள் பிடுங்கியது அந்த மரத்தின் கன்றுகளை என்று அப்போதுதான் எங்களுக்கு விளங்கியது. மறந்துபோச்சு, விடு, மறுபடி முளைக்கும் என்றார் ஃபெலிசியன். அதே மூச்சில் கறியில் உறைப்பு கூடப் போடச் சொன்னார். தூ! இரண்டு தட்டு தின்றார். நானும் அந்தப் பந்தியில் உட்கார்ந்து தின்றேன். அதை எங்கே போய்க் கழுவுவது?

அதற்குப் பிறகு இன்றுவரை மரம் காய்க்கவே இல்லை.

விருந்துக்கு மறுநாள் அக்காவிடம் போய், தெரியாமல் மூன்று கன்றை என் கையாலேயே பிடுங்கிவிட்டேன் என்றேன். அவள் கத்தவில்லை.

"அன்னிக்கு ஒரு கிளை ஒடிச்சதுக்கு உன்னைக் கல்லால அடிச்சேன்டா. நேத்து நீங்க வேரோட பிடுங்குறப்ப, உங்களுக்குச் சோறாக்க நானே கூடையைத் தூக்கிட்டுப் போயிருக்கேன் பாரு."