பொம்மை மாதிரி நில்லு

நேற்று, கூட வேலை செய்யும் கலாவோடு ஒரு கொலைகாரப் பொம்மை படத்துக்குப் போனேன். பின்வரிசை ஆண்கள் போட்ட அலறலில் பாதி வசனம் காதில் விழவில்லை.

இன்று மதியம் கோயில் நடை சாத்தியாகிவிட்டது. அதற்கப்புறம் கோயில் தெருவில் இருக்கும் எங்கள் பட்டுக் கடைக்கும் ஆள் வராது. காலையிலிருந்து நின்று கால் கடுத்ததால், வாசலில் புடவை கட்டி நிறுத்தியிருக்கும் பொம்மைக்குப் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்தேன்.

சூப்பர்வைசர் பார்த்துவிட்டார்.

"என்னமா, ஜாலியா உக்காந்துக்கினு இருக்கற?"

"கடையில யாருமே இல்ல சார். உக்கார்றதுக்கு சட்டமே இருக்குது."

"சட்டம்லாம் என்கிட்ட பேசாத. இந்தப் பொம்மையப் பாரு. காலையிலேர்ந்து நின்னுக்கினே இருக்குது, வாயத் தொறக்குதா? அது மாதிரி நில்லு."

"நேத்து பாத்த படத்துலயும் ஒரு பொம்மை இப்படித்தான் சார், வாயத் தொறக்காம நின்னுக்கினு இருந்துது."

"அப்புறம்?"

"அத அதட்டுனவரத்தான் சார் மொதல்ல போட்டுத் தள்ளிச்சு."

புடவை அடுக்குக்குப் பின்னால் கலா வாயைப் பொத்திக்கொண்டாள். அவர் என்னை முறைத்தார். பிறகு பொம்மையை ஒரு பார்வை பார்த்தார். கல்லாப் பக்கம் போய்விட்டார்.

நான் எழுந்திருக்கவில்லை. இதையே அந்த ஸ்டூலில் உட்கார்ந்துதான் போனில் தட்டிக்கொண்டிருக்கிறேன்.

நாளைக்கு வேலை இருக்குமோ என்னவோ. ஆனால் மனிதர் டீக்கு வெளியே போகும்போது பொம்மையை விட்டு நாலடி தள்ளித்தான் போனார்.

என்னைப் போல் கடையில் நிற்பவர்களே, உங்கள் கடையில் பொம்மை இன்னும் வாயைத் திறக்கவில்லையா?