துண்டுக்கு அடியில் அத்தாவின் கை

உப்புப் போட்ட ஆட்டுத்தோலின் வாடையும் தோல் பதனிடும் ஆவாரம்பட்டையின் துவர்ப்பும் ஊறிப்போன ஒரு வெள்ளைத் துண்டை முகத்தருகே கொண்டுபோனால் வெளியூர்க்காரர்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடிவிடுவார்கள். ஆம்பூரில் பிறந்து வளர்ந்த எனக்கோ அதுதான் அத்தாவின் வாசனை. அத்தா என்றால் என் தகப்பனார். தோல் மண்டியில் தரகராக இருந்தார். அவருக்குக் கடை கிடையாது, கல்லாப்பெட்டி கிடையாது, பெயர்ப் பலகையும் கிடையாது. தோளில் கிடந்த அந்தத் துண்டு ஒன்றுதான் அவருடைய வியாபாரம் முழுக்க.

அந்த நாளில், அதாவது பெரிய யுத்தம் வருவதற்கு முந்தைய வருஷங்களில், எங்கள் மண்டியில் விலையை யாரும் வாயால் சொல்ல மாட்டார்கள். தரகர் துண்டை விரித்துப் பிடிப்பார், எதிரே உட்கார்ந்தவர் அதற்கு அடியில் கையை நுழைப்பார். எந்த விரலைப் பிடிக்கிறார், எத்தனை விரலைப் பிடிக்கிறார் என்பதுதான் விலை. வாய் மட்டும் பாலாற்றில் தண்ணீர் வந்ததா, பெண்ணுக்கு வரன் அமைந்ததா என்று வேறு கதை பேசிக்கொண்டிருக்கும். சுற்றி நிற்பவர்களுக்கு ஒரு மண்ணும் விளங்காது. கடைசியில் முழுக் கையையும் சேர்த்து ஓர் அழுத்து அழுத்திவிட்டால் பேரம் முடிந்தது என்று அர்த்தம். அதற்குப் பிறகு எந்தக் கொம்பனும் பேச்சை மாற்றக் கூடாது. இதற்கு எங்கள் ஊரில் "கை போடறது" என்று பெயர்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும் அத்தா என்னோடும் கை போடுவார். சரக்கு, கமர்கட்டு. நான் துண்டுக்கு அடியில் அவருடைய நாலு விரலைப் பிடிப்பேன். அவர் முகத்தை மண்டி வியாபாரி மாதிரி சுளித்துக்கொண்டு, "கட்டாது கண்ணு, ஜாஸ்தி கேக்குற" என்று ஒரு விரலை உருவிக்கொள்வார். அம்மா அடுப்படியிலிருந்து, "அப்பனும் பொண்ணும் சேர்ந்து மண்டிய வூட்டுக்கே கொண்ணாந்துட்டீங்க" என்று சத்தம் போடுவாள். கடைசியில் அவர் என் கையை முழுசாகச் சேர்த்து அழுத்துகிறபோது எனக்குக் கமர்கட்டைவிட அந்த அழுத்தல்தான் இனித்தது.

அப்படிக் கை போட்ட ஒரு நாளில்தான் அவருடைய வலது உள்ளங்கையில், மோதிர விரலுக்கு நேர் கீழே, புளியங்கொட்டை அளவில் ஏதோ ஒன்று தட்டுப்பட்டது. "இது இன்னா அத்தா?" என்று கேட்டேன். "உழைக்கிற கை இல்ல, காப்புக் காய்ச்சிப்போச்சு" என்றார். "துண்டப் போட்டுக்கினு கத பேசறதுக்கா காப்புக் காய்க்கும்?" என்று அம்மா உள்ளேயிருந்து சிரித்தாள். நாங்கள் எல்லோரும் சிரித்தோம். ஆனால் அந்தக் கொட்டை போகவில்லை. மெல்ல மெல்ல நீண்டு, தோலுக்கு அடியில் ஒரு கயிறு ஓடுவதுபோல் ஆயிற்று. அந்தக் கயிறு மோதிர விரலையும் சுண்டு விரலையும் உள்ளங்கையை நோக்கி இழுத்துக்கொண்டே வந்தது. முகம் கழுவும்போது மடங்கிய விரல் கண்ணில் குத்தியது. தொழுகையில் நெற்றியைத் தரையில் வைக்கும்போது மற்றவர்கள் கை பாயில் படிந்திருக்க, அத்தாவின் கை மட்டும் கூடாரம்போலத் தூக்கிக்கொண்டு நின்றது. வலியில்லை என்பதால் அவரும் பேசாமல் இருந்தார். தினம் கை போடுகிற வியாபாரிகள் அந்த மடங்கிய விரல்களோடு கொஞ்சம் கொஞ்சமாகப் பழகிக்கொண்டார்கள். நான் அவற்றுக்கு "ஒளிஞ்ச விரல்" என்று பேர் வைத்தேன்.

பக்ரீத் முடிந்து தோல் மலை மலையாக வந்து குவிகிற சமயம். அன்றைக்கு உச்சி வெயிலில் அத்தா வீட்டுக்கு வந்தார். மண்டி நேரத்தில் அவர் வீட்டுக்கு வந்து நான் பார்த்ததே இல்லை. அதைவிட, அவர் தோளில் துண்டு இல்லை. வழக்கம்போல ஓடிப்போய்க் கையைப் பிடிக்கப் போனேன். "தொடாதே!" என்று ஒரு கத்தல் கத்தினார். அதுவரை அதட்டிக்கூடப் பேசியறியாத மனிதர். அந்தக் கத்தல் இத்தனை வயதுக்குப் பிறகும் என் காதைவிட்டுப் போகவில்லை.

பின்னாலேயே துண்டை எடுத்துக்கொண்டு முனிசாமி அண்ணன் வந்தார். மண்டியில் தோல் அடுக்குகிறவர். அவர்தான் வாசலில் நின்றபடி அம்மாவிடம் நடந்ததைச் சொன்னார். ராணிப்பேட்டையிலிருந்து புதிதாக ஒரு சாயபு தோல் வாங்க வந்திருக்கிறார். துண்டுக்கு அடியில் கையை விட்டவர், மடங்கிய விரல்களும் முறுக்கிய கயிறும் தட்டுப்பட்டதும் நெருப்பைத் தொட்டவர்போலக் கையை உதறியிருக்கிறார். துண்டு கீழே விழுந்து, அத்தாவின் கை அத்தனை பேர் முன்னாலும் வெட்டவெளிச்சமாக நின்றிருக்கிறது. "அவரு ஒரே ஒரு வார்த்ததான் சொன்னாரு அக்கா" என்ற முனிசாமி அண்ணன் கையிலிருந்த துண்டை மடித்துத் திண்ணையில் வைத்தார். "குஷ்டம்னுட்டாரு."

எங்கள் பக்கத்தில் அந்த வார்த்தைக்கு இருந்த பயத்தை இன்றைய பிள்ளைகளுக்குச் சொல்லிப் புரியவைக்க முடியாது. விரல் மடங்கிய மனிதர்கள் பள்ளிவாசலுக்கு வெளியே, கோயிலுக்கு வெளியே, ஊருக்கே வெளியே உட்கார்ந்திருப்பதைப் பார்த்துத்தான் நாங்கள் வளர்ந்தோம். விரல் மடங்கினால் அதுதான் என்று குழந்தைக்குக்கூடத் தெரியும், அல்லது தெரிந்ததாக நினைப்பு. என்னை இன்றுவரை திகைக்க வைப்பது அந்த ராணிப்பேட்டைக்காரர் அல்ல. அவர் புதியவர், பயந்தார், போகட்டும். முதல் நாள்வரை அதே விரல்களைப் பிடித்து விலை பேசிய எங்கள் ஊர்க்காரர்கள், அந்த ஒரு வார்த்தையைக் கேட்டதும் தங்கள் கைகளைச் சுண்ணாம்புத் தண்ணீரில் கழுவினார்களாம். தோலைத் தடவியே நோய்ப்பட்ட ஆடா நல்ல ஆடா என்று சொல்லக்கூடிய மனிதர்கள் அவர்கள்! எனக்கு இன்னும் ஆறவில்லை.

அதைவிடப் பெரிய அதிர்ச்சி, அத்தாவே அதை நம்பியதுதான். தனித் தட்டு, தனிச் சொம்பு, மாட்டுக்கொட்டகைக்குப் பக்கத்தில் தனிப் பாய். அம்மா பரிமாறப் போனால் "அங்கயே வச்சிட்டுப் போ" என்பார். என்னைக் கண்டால் வலது கையை முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொள்வார். அந்த வியாதியாகவே இருந்தால்தான் என்ன, அவர் என் அத்தா இல்லையென்று ஆகிவிடுமா? துண்டு கொடியில் காய்ந்துகொண்டிருப்பதைப் பார்த்துப் பார்த்து அழுதேன்.

அம்மா அழவில்லை. "டாக்டர் சொல்லட்டும், நான் நம்பறேன். தோல் வாங்க வந்தவன் சொன்னா நம்ப மாட்டேன்" என்று ஒரே பிடியாக நின்று, அவரை வேலூருக்கு ரயிலேற்றினாள். நானும் கூடப் போனேன். பெரிய ஆஸ்பத்திரியில் கண்ணாடி போட்ட ஒரு டாக்டர் அத்தாவின் கையைத் தம் வெறுங்கையால் பிடித்துப் பார்த்தார். அப்படிப் பிடித்ததுமே அம்மா ஒரு பெருமூச்சு விட்டாள். பிறகு டாக்டர் மேஜைமேல் கிடந்த ஒரு துணியை எடுத்து அந்தக் கையை மூடிவிட்டு, "நான் எந்த விரலைத் தொடறேன்னு பார்க்காம சொல்லணும்" என்றார். துணிக்கு அடியில் பஞ்சால் ஒவ்வொரு விரலாகத் தொட்டார். அத்தாவுக்கா தெரியாது? துணிக்கு அடியில் விரல் அறிவதுதானே அவர் பிழைப்பு! மடங்கிய விரல் உட்பட ஒன்றுகூடத் தப்பவில்லை. இரண்டு விரலைச் சேர்த்துத் தொட்டபோது பழக்க தோஷத்தில், "அந்த விலைக்குக் கட்டாது சார்" என்று சொல்லிவிட்டார்.

டாக்டர் சிரித்துவிட்டார். "அந்த வியாதின்னா விரலுக்கு உணர்ச்சி இருக்காது. உங்களுக்கு எல்லாம் நல்லா இருக்கு. உள்ளங்கையில தோலுக்கு அடியில இருக்கிற சவ்வு தடிச்சுப்போய் விரலை இழுக்குது, அவ்வளவுதான். யாருக்கும் ஒட்டாது" என்றார். நல்ல செய்தி கேட்டால் மனிதர்கள் சிரிப்பார்கள் என்று நினைத்திருந்தேன். அத்தா அந்த நாற்காலியிலேயே தேம்பித் தேம்பி அழுதார்.

மறுநாள் துண்டைப் போட்டுக்கொண்டு மண்டிக்குப் போனார். டாக்டர் சொன்னதையும் எல்லோரிடமும் சொன்னாராம். கேட்டுக்கொண்டார்கள், தலையையும் ஆட்டினார்கள். கை மட்டும் யாரும் போடவில்லை. அன்றும் இல்லை, அதற்கடுத்த நாட்களிலும் இல்லை. விரித்த துண்டை அப்படியே மடித்துக்கொண்டு திரும்புவார். கை போட ஆளில்லாத தரகர் சாப்பாட்டுக்கு என்ன செய்வார்? அவர் முகம் வாடிக்கொண்டே போனது.

ஒரு நாள் காலை அம்மா வெள்ளைத் துப்பட்டியைப் போர்த்திக்கொண்டாள், என் கையைப் பிடித்தாள், நேராக மண்டிக்கு நடந்தாள். பெண்கள் அந்தப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்காத காலம். தோல் அடுக்குகளுக்கு நடுவே நாங்கள் நுழைந்ததும் அங்கிருந்த இரைச்சல் சட்டென்று நின்றுவிட்டது. அத்தா பதறிப்போய், "நீ இன்னாத்துக்கு இங்க வந்தே? வூட்டுக்குப் போ!" என்றார்.

"யாரும் கை போட மாட்டேன்றாங்க இல்ல? நான் போடறேன். நீட்டுங்க கைய" என்று அம்மா அவர் எதிரே சம்மணமிட்டு உட்கார்ந்து, துண்டுக்கு அடியில் கையை நுழைத்துவிட்டாள்.

மண்டியே பார்த்துக்கொண்டிருந்தது. வெகுநேரம் அவள் கையை எடுக்கவே இல்லை. துண்டு மட்டும் அசைந்தது. பிறகு அவள் எழுந்து, யாரையும் பார்க்காமல் என்னை இழுத்துக்கொண்டு வெளியே வந்தாள். வாசலைத் தாண்டும்போது திரும்பிப் பார்த்தேன். அவள் உட்கார்ந்திருந்த இடத்தில் முனிசாமி அண்ணன் உட்கார்ந்திருந்தார். அவருக்கு வாங்கவும் விற்கவும் ஒன்றுமில்லை. இருந்தும் கையைத் துண்டுக்குள் விட்டிருந்தார். அவருக்குப் பின்னால் பேரணாம்பட்டு வியாபாரி ஒருவர் தயங்கித் தயங்கி நின்றுகொண்டிருந்தார்.

அதன் பிறகு அத்தா சாகும்வரை தரகர்தான். விரல்கள் கடைசிவரை நிமிரவில்லை. "இந்த ரெண்டும் கணக்குல இல்ல, அது என் தரகு" என்று அவரே கிண்டல் பண்ணுவார். அவர் மவுத்தாகி வெகுகாலம் கழித்து ஒரு நாள் அம்மாவிடம் கேட்டேன், அன்றைக்குத் துண்டுக்கு அடியில் எந்த விரலைப் பிடித்தாய் என்று. "வெல பேசவா போனேன்?" என்றாள். "முழுக் கையையும் சேத்து அழுத்தினேன். அவ்ளோதான்."

இப்போது அந்த மண்டி இருந்த இடத்தில் சினிமாக் கொட்டகை வந்துவிட்டது. தோல் விலையைத் தொலைபேசியில் ஊர் கேட்கச் சத்தம் போட்டுச் சொல்கிறார்கள். போன மாதம் என் வலது கையில், மோதிர விரலுக்கு நேர் கீழே, ஒரு புளியங்கொட்டை தட்டுப்பட்டது. சில குடும்பங்களில் வழிவழியாக வருமாம், டாக்டர் சொன்னார். எனக்குப் பயமில்லை. இந்தக் கையை முழுசாகச் சேர்த்து அழுத்தினால் என்ன அர்த்தம் என்று தெரிந்தவர்கள்தான் ஊரில் யாரும் மிச்சமில்லை.