சட்டையைப் பார்த்துக் கொடுத்த வேலை

அரியாங்குப்பத்தில் என்னை 'பஹ்ரைன் டெய்லர்' என்றுதான் கூப்பிடுகிறார்கள். கூப்பிடும்போதெல்லாம் எனக்குக் காது சுடுகிறது. நான் அங்கே ஆறு வருடம் இருந்தது உண்மை. அந்த ஆறு வருடத்தில் ஒரு சட்டைகூடத் தைக்கவில்லை என்பதும் உண்மை. ஆனால் நான் எழுத உட்கார்ந்தது என்னைப் பற்றி அல்ல. என் மனைவி ஆதிலட்சுமியைப் பற்றி.

அவள் வில்லியனூர்ப் பக்கம் விவசாயக் குடும்பத்துப் பெண். பன்னிரண்டு வயதில் அவளை டவுனில் கன்னியர் மடத்துத் தையல் வகுப்பில் சேர்த்துவிட்டார்கள். அங்கே இருந்த சிஸ்டர்களை எங்கள் ஊர் பிரெஞ்சு வழக்கப்படி 'மசேர்' என்பாள். தையல் ஒரு நூல் தவறினாலும் முழுவதையும் பிரிக்கச் சொல்வார்களாம். ஆறு வருடம் பிரித்துப் பிரித்துத் தைத்துத்தான் அவளுக்கு அந்தக் கை வந்தது. சட்டைக்குப் பொத்தான் மாட்டும் துளையைச் சுற்றி நூல் கட்டுவதை நாங்கள் காஜா என்போம். அவள் எடுத்த காஜாவில் முன்பக்கம் எது, பின்பக்கம் எது என்று எனக்கே தெரியாது.

நான் மில்லில் வேலை பார்த்தவன். எழுபத்தேழில் மில் கதவைச் சாத்தியபோது, வீட்டிலிருந்த அவளுடைய தையல் மெஷினைக் கடைத்தெருவில் கொண்டுபோய்ப் போட்டு, 'சாமிக்கண்ணு டெய்லர்' என்று பலகை மாட்டினேன். அளவெடுப்பது நான். துணியை மடித்து வீட்டுக்கு எடுத்துப் போவேன். அவள் வெட்டி, துண்டுகள் நகராமல் இருக்கக் கையால் ஓட்டுத்தையல் போட்டுத் தருவாள். நான் மெஷினில் ஓட்டுவேன். அதுவும் கோணும். சாயங்காலம் கடைக்கு வந்து அதையும் அவள்தான் சரிசெய்வாள். புகழ் மட்டும் முழுசாக எனக்கு.

அப்போது ஊரில் யாரைப் பார்த்தாலும் வளைகுடாப் பேச்சு. முன்பெல்லாம் வேலைக்கு ஆள் எடுக்க பம்பாய்க்கு வரச் சொல்வார்கள். ரயிலேறிப் போய், லாட்ஜில் தங்கி, வரிசையில் நின்று, வெள்ளைக்காரன் முன்னால் வேலை செய்து காட்ட வேண்டும். எழுபத்தெட்டில் புது வழி வந்தது. ஆள் போக வேண்டாம், வேலை போனால் போதும். வெல்டர் ஒட்டவைத்த இரும்புத் துண்டை அனுப்பினான். தச்சன் இழைத்த சட்டத்தை அனுப்பினான். டைப் அடிக்கிறவன் அடித்த தாளை அனுப்பினான். சமையற்காரர்களுக்குத்தான் வழியில்லை என்று கேலி பேசினார்கள்.

டவுனில் காந்தி வீதியில் ராமலிங்கம் என்பவர் டைப்பிங் ஆபீஸ் வைத்துக்கொண்டு இந்த விண்ணப்பங்களை அனுப்பிவந்தார். என்னைப் பார்த்ததும் சொன்னார்.

"பஹ்ரைன்ல ஒரு சட்டைக் கடைக்கு ஆள் கேக்கறாங்கப்பா. ஒரு சட்ட தெச்சுக் குடு. போட்டோ வெச்சு அனுப்பிடறேன். புடிச்சா என்.ஓ.சி. வரும், அங்க வரலாம்னு அனுமதிக் கடுதாசி. நேர்ல ஒண்ணும் கேக்க மாட்டாங்க."

நான் தைத்தேன். காலரின் ஒரு முனை மேலே பார்த்தது, மறுமுனை கீழே பார்த்தது. ஆதிலட்சுமி அதைக் கையில் வாங்கி, ஓரம் வைத்துவிட்டு, புதுத் துணி எடுத்து வெட்டினாள். மூன்று நாள் தைத்தாள். நான் இஸ்திரி போட்டேன். அந்தச் சட்டையில் என் பங்கு அவ்வளவுதான். பார்சலின் மேல் என் பெயர்.

நாற்பது நாளில் பதில் வந்தது. காஜாவைப் பற்றித் தனியாக இரண்டு வரி எழுதியிருந்தார்கள் என்று ராமலிங்கம் ஆபீசில் இருந்தவர்கள் முன்னால் உரக்கப் படித்தார். எல்லோரும் என் கையைப் பிடித்துக் குலுக்கினார்கள். நானும் கையைக் கொடுத்தேன். வீட்டில் வந்து சொன்னபோது அவள் சிரித்தாள்.

"நல்லதாப் போச்சு. போயிட்டு வாங்க. போகப் போகக் கை வந்துரும்" என்றாள்.

ஏஜெண்டுக்குக் கட்ட அவள் மெஷினை விற்றோம்.

ஆளைப் பார்க்காமல் ஆள் எடுப்பது சரியான முறையா என்று பலர் கேட்டிருக்கிறார்கள். சரியான முறைதான். அந்த முதலாளி தேர்ந்தெடுத்ததில் ஒரு பிழையும் இல்லை. விமானம் ஏறினவன்தான் வேறு ஆள்.

கடையில் கண்ணாடி அலமாரிக்குள் எங்கள் சட்டையை மாட்டிவைத்திருந்தார்கள். முதல் நாளே முதலாளி அதைக் காட்டி, இதேபோல் ஒன்று வேண்டும் என்றார். நான் தைத்ததைக் கையில் வாங்கிப் பார்த்தார். அலமாரியைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். அவர் திட்டவில்லை. பின்கட்டில் இஸ்திரி மேசையைக் காட்டிவிட்டுப் போய்விட்டார். வீட்டுக்கு, 'வேலை நன்றாகப் போகிறது' என்று எழுதினேன்.

ஒரு வருடம் கழித்து அவர் என்னைக் கூப்பிட்டு, அந்தச் சட்டையைத் தைத்தது யார் என்று கேட்டார். எனக்குத் தெரிந்த நாலு இந்தி வார்த்தையில், என் மனைவி என்றேன். அவர் முகம் மலர்ந்துவிட்டது. பெண்களுக்கென்று தனிப் பகுதி திறக்கப்போவதாகச் சொன்னார். அவளுக்கும் பிள்ளைக்கும் விசா எடுத்துத் தருவார். என் சம்பளத்தைப்போல் இரண்டு பங்கு. அவளை எதுவும் சோதிக்க வேண்டியதில்லை, அந்தச் சோதனைதான் அலமாரியில் இருக்கிறதே என்றார்.

நான் சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். எனக்குத் தோன்றியதோ வேறு. கடையில் வேலை பார்த்த கடலூர்க்காரர்கள் மூன்று பேர் நினைவுக்கு வந்தார்கள். அவள் முன்கட்டில் தைப்பாள், நான் பின்கட்டில் அவள் தைத்ததற்கு இஸ்திரி போடுவேன். விஷயம் ஊருக்குப் போகும். 'சாமிக்கண்ணு டெய்லர்' பலகையை மாட்டியது யார் என்று கேட்பார்கள். ஒரு மாதம் ஏதேதோ சொல்லித் தள்ளினேன். கடைசியில் முதலாளி, உன் விலாசம் ஃபைலில் இருக்கிறது, நானே அவளுக்கு எழுதுகிறேன் என்று பேனாவை எடுத்தார்.

"அவள் செத்துப்போய்விட்டாள்" என்றேன்.

எப்படி வாயில் வந்ததோ தெரியாது. வந்துவிட்டது. அவர் பேனாவை மூடி வைத்தார். அன்று கடையை மத்தியானமே சாத்தினார். காரியங்களை முடித்துவிட்டு வா என்று ஊருக்கு டிக்கெட் எடுத்துக் கொடுத்தார். கிளம்பும்போது அலமாரியைத் திறந்து, அந்தச் சட்டையை மடித்து, இரண்டு கையாலும் என்னிடம் நீட்டினார். பிள்ளைக்கு அம்மா ஞாபகமாக இருக்கட்டும் என்றார். வழியில் எங்காவது வீசியிருக்கலாம். அதற்கும் எனக்குத் துணிச்சல் இல்லை.

வீட்டு வாசலில் இறங்கியபோது, செத்துப்போனவள் முறத்தைப் போட்டுவிட்டு ஓடிவந்தாள்.

"இன்னாங்க, சொல்லாமக் கொள்ளாம வந்துட்டீங்க!" என்று சிரித்தாள். அந்தச் சிரிப்பைப் பார்க்க முடியாமல், கிணற்றடிக்குக் கால் கழுவப் போனேன்.

திரும்பி வருவதற்குள் அவள் பெட்டியைத் திறந்துவிட்டாள். சோப்பும் பவுடரும் அப்படியே கிடக்க, சட்டை அவள் மடியில் இருந்தது.

"இத ஏன் திருப்பிக் குடுத்துட்டாங்க? நல்லால்லயா?"

உண்மையைச் சொல்ல அதைவிட நல்ல இடம் எனக்குக் கிடைத்திருக்காது. நான் என்ன சொன்னேன் தெரியுமா?

"அங்க இந்த மாதிரி எடுக்கலயாம்."

அவள் தலையாட்டினாள். மறுநாள் ஜன்னலோரம் உட்கார்ந்து சட்டையைப் பிரித்தாள். எங்கே தப்பு என்று பார்க்கிறாளாம். காலரைப் பிரித்தாள், கையைப் பிரித்தாள், காஜாவை ஒவ்வொன்றாகப் பிரித்தாள். தப்பு கிடைக்கவில்லை. கிடைக்கவில்லை என்பதுதான் அவளுக்கு இன்னும் கஷ்டமாக இருந்தது. துணி கரித்துணியாக அடுப்படிக்குப் போயிற்று. நான் ஒரு மாதம் கூடவே இருந்து அதையெல்லாம் பார்த்துவிட்டு, இரண்டு வேளையும் வயிறாரச் சாப்பிட்டுவிட்டு, மறுபடி விமானம் ஏறினேன். அவள் கையெழுத்தில் கடிதம் எதுவும் கடை விலாசத்துக்கு வந்துவிடக் கூடாது என்று, அங்கே லாரி ஓட்டிய பாவாடை என்ற நண்பனின் விலாசத்தைக் கொடுத்துவிட்டுப் போனேன்.

அதன்பிறகு அவள் கையால்கூடத் தைக்கவில்லை. தெருப் பெண்கள் ரவிக்கைத் துணியோடு வந்தால், "நம்ம கை வெளியில எடுக்காதும்மா, டவுன்ல குடு" என்று அனுப்பிவிடுவாளாம். ஒரு சோப்புக் கம்பெனியில் அட்டைப்பெட்டி ஒட்டப் போனாள். விரல் நுனியெல்லாம் பசை காய்ந்து வெடித்திருந்ததை, நான் எண்பத்தைந்தில் ஒரேயடியாகத் திரும்பி வந்தபோது பார்த்தேன். கடை போடுங்கள் என்று ஊரில் கேட்டவர்களிடம், கண் சரியில்லை என்றேன்.

எங்கள் மகள் சந்திரகலா போன வருடம் பத்தாவதில் தவறிவிட்டாள். தையல் கற்றுக்கொள்கிறேன் என்று ஒரு துண்டுத் துணியோடு அம்மாவிடம் வந்தாள். ஆதிலட்சுமி என்னைக் கைகாட்டினாள்.

"எங்கிட்ட என்னா இருக்குது? அப்பாகிட்டக் கத்துக்கோ. எஞ்சட்டையத் திருப்பிட்டாங்க. அவரு அதுக்கப்புறமும் அங்க நின்னு தெச்சு, பேரு வாங்கிட்டு வந்திருக்காரு."

கேலியாகச் சொல்லியிருந்தால் பிழைத்திருப்பேன். மனதாரச் சொன்னாள். அதோடு விடாமல், தானும் கற்றுக்கொள்வதுபோல் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். மகள் ஊசியைக் கோத்து என் கையில் கொடுத்தாள். நான் ஒரு காஜா எடுத்தேன்.

ஆதிலட்சுமி அதை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். நூல் ஒன்று நெருக்கம், ஒன்று விலகல். எட்டு வருடத்துக்கு முன் ஓரம் வைத்தாளே ஒரு சட்டை, அதே கை. அவளுக்குத் தெரியாமல் போகுமா? மகளைத் தண்ணீர் கொண்டுவர அனுப்பினாள்.

"அங்க என்னா வேல பாத்தீங்க?"

"இஸ்திரி."

"அப்போ எஞ்சட்டைய ஏன் திருப்பினாங்க?"

சொன்னேன். அலமாரியில் மாட்டியிருந்ததை, இரண்டு பங்கு சம்பளத்தை, முதலாளி பேனா எடுத்ததை, நான் சொன்ன பொய்யை. தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னேன். அவள் அழுவாள், கத்துவாள் என்று காத்திருந்தேன்.

"எப்போ செத்தேன்னு சொன்னீங்க?" என்று கேட்டாள்.

"எண்பது. மாசி மாசம்."

தைப்பதை விட்ட வருடத்தை அவள் விரல்விட்டுக் கணக்குப் பார்த்தாள். தன் விரல்களையே கொஞ்சநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சரியாத்தான் சொல்லியிருக்கீங்க" என்றாள்.

பிறகு நான் எடுத்த காஜாவைப் பிரிக்க ஆரம்பித்தாள்.