அம்மாக்களைக் காட்டும் நாள்

அந்த அலுவலகத்தில் வருடத்துக்கு ஒரு நாள் அம்மாக்களைக் காட்ட வேண்டும். வேலையில் இருக்கும்போதே அப்பா செத்துப்போக, இரக்கப்பட்டு மகனுக்கு வேலை கொடுத்தார்கள் அல்லவா, அதற்கு ஒரு நிபந்தனை: தாயை வைத்துக் காப்பாற்ற வேண்டும். காப்பாற்றுகிறானா என்று பார்க்கத்தான் இந்தக் கூத்து. மாட்டைச் சந்தைக்கு ஓட்டி வருவது போல ஆளாளுக்கு ஒரு அம்மாவை ஓட்டிக்கொண்டு வருவார்கள். பியூன் வாய்விட்டே 'அம்மா கண்காட்சி' என்பான். அதற்குச் சிரிப்பார்கள் வேறு. த்தூ.

டிரைவரம்மாவும் நடைபாதை பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். அவள் புருஷன் இதே அலுவலகத்தில் ஜீப் ஓட்டியவர். ஓட்டும்போதே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு போய்ச் சேர்ந்தார். வேலை உங்களுக்கா, பையனுக்கா என்று கேட்டபோது, "அவனுக்கே குடுங்க, வாழவேண்டிய பிள்ளை" என்று சொன்னவள் இவள்தான். அவன் வாழ்ந்தான். நன்றாகவே வாழ்ந்தான். கல்யாணமான கையோடு அம்மாவைக் கைகழுவி விட்டான். அவள் ஒரு பெண்கள் விடுதியில் சமையலுக்குச் சேர்ந்து, அங்கேயே அரிசி மூட்டைகளுக்கு நடுவே படுத்து எழுந்தாள். இப்போது அந்த விடுதியையும் மூடப்போகிறார்கள். மாதம் முடிந்தால் எங்கே போய்ப் படுப்பது? மகனிடம் கேட்டாள். "நம்ம வீட்ல இடம் எங்கம்மா இருக்கு" என்றான். அந்த 'நம்ம'வில் அவளுக்கு மட்டும் இடமில்லை.

இத்தனை வருடமும் சூப்பிரண்டு கேட்டபோதெல்லாம், "நல்லா பாத்துக்கிறான் சார்" என்றே சொல்லி வந்தாள். உண்மையைச் சொன்னால் அவன் வேலை போய்விடும் என்று பயம். பெற்ற வயிறாயிற்றே. மற்ற அம்மாக்களும் அதையேதான் சொன்னார்கள். ஒருத்தி, மகன் வாங்கித் தந்ததென்று இரவல் வளையலை ஆட்டிக் காட்டுவாள். எல்லாருக்கும் எல்லாம் தெரியும், யாரும் வாயைத் திறக்க மாட்டார்கள்.

இந்த வருடமும் மகன் வண்டியில் வரும்போதே பாடம் நடத்தினான்.

"கேட்டா என் கூடத்தான் இருக்கேன்னு சொல்லு. வேற எதையும் உளறி வைக்காத."

"சரிப்பா," என்றாள். மனசு சரி என்று சொல்லவில்லை.

அவள் முறை வந்து உள்ளே போனதும் சூப்பிரண்டு தலை நிமிராமல் கேட்டார். "பையன் வச்சுக் காப்பாத்துறானாம்மா?"

"இல்ல சார். எனக்கு இருக்க இடம் வேணும். வச்சுக் காப்பாத்தணும்னுதானே வேலையே குடுத்தீங்க, நீங்கதான் கேக்கணும்."

சொன்ன பிறகுதான் பிள்ளையின் சோற்றில் மண்ணை அள்ளிப் போட்டுவிட்டோமே என்று உறைத்தது. சூப்பிரண்டு படிவத்தில் 'ஆம்' என்ற இடத்தில் டிக் அடித்தார்.

"சார், நான் இல்லன்னு சொன்னேன்."

"காதுல விழுந்துச்சும்மா. இல்லன்னு போட்டா விசாரணை வைக்கணும், மேலிடத்துக்கு எழுதணும், நான்தான் அலையணும். வீட்டு விஷயத்த வீட்டோட பேசிக்குங்க. அடுத்த ஆள வரச்சொல்லுங்க."

அவ்வளவுதான். இத்தனை வருடம் மானத்தை விட்டு அவள் சொன்ன பொய், இந்த மனுஷனுக்குத் தேவைப்பட்டதே இல்லை.

வாசலில் மகன் காத்திருந்தான். "என்னம்மா சொன்ன?"

"உள்ளதச் சொன்னேன்."

அவன் முகம் வெளுத்துப் போயிற்று. அவளை பெஞ்சில் உட்கார வைத்தான். ஓடிப்போய்த் தண்ணீர் பிடித்து வந்தான்.

"காலைல ஏதாவது சாப்பிட்டியாம்மா? முன்ரூம ஒழிச்சுத் தரேன், இன்னிக்கே வந்துடு. அவகிட்ட நான் பேசிக்கறேன்."

அவள் கையைப் பிடித்துக்கொண்டான். அவன் கை வியர்த்துப் பிசுபிசுத்தது. அருவருப்பாகத்தான் இருந்தது, ஆனாலும் அவள் கையை இழுத்துக்கொள்ளவில்லை.

பிறகு அவன் உள்ளே போனான். அங்கே சூப்பிரண்டு சிரிக்கும் சத்தம் கேட்டது. போனவனும் சிரித்துக்கொண்டே வந்தான்.

"நல்லாத்தான் பயமுறுத்தின போ. எனக்கு சீட்ல வேலை கிடக்கும்மா, நீ பஸ் புடிச்சுப் போயிடுவ இல்ல?"

"முன்ரூம ஒழிச்சுத் தரேன்னியேப்பா?"

"அதெல்லாம் அப்புறம் பாக்கலாம்மா," என்று சொல்லிக்கொண்டே மாடியேறிப் போனான்.