ஹட்டனில் வாங்கிய காமிரா ஸ்டாண்டு

இலங்கை மலைநாட்டு ஹட்டனில் மழை விடவில்லை. நேற்று றொசல்ல மலைச்சரிவில் காற்று தள்ளி என் கனமில்லாத காமிரா ஸ்டாண்டின் கால் முறிந்துபோனது. வேறொன்று தேடி, பஜாரில் உள்ள ஸ்டூடியோவுக்குள் நனைந்தபடி நுழைகிறேன்.

தேயிலைத் தோட்டத்து ஆட்கள் வரிசையில் நிற்கிறார்கள். எல்லாரும் இந்தியா போக மனுப் போடுபவர்கள். மனுவில் ஒட்ட, முகமும் இரண்டு காதும் தெரியும் படம் வேண்டும். ஆண்களுக்கு ஸ்டூடியோவின் கறுப்புக் கோட்டு ஒன்றுதான். ஒருவர் கழற்றியதும் அடுத்தவர் அதே ஈரத்தோடு மாட்டிக்கொள்கிறார்.

கடைசி ஆளும் போன பிறகு ஸ்டூடியோக்காரர் இரண்டு ஸ்டாண்டுகளைக் கொண்டுவந்து வைக்கிறார். எனக்கு இன்னும் புத்தி வரவில்லை. கனமில்லாத அலுமினிய ஸ்டாண்டைத்தான் கையில் எடுக்கிறேன்.

"அது வேணாங்க, காத்தடிச்சா ஆடும். இதப் பாருங்க."

மர ஸ்டாண்டை விரித்து, அதன் தலையில் கையூன்றி அழுத்துகிறார். அது அசையவில்லை. மடக்கினால் தோளில் போட்டுக்கொண்டு நடக்கலாம். கால்களின் இரும்பு முனைகளில் மண் காய்ந்திருக்கிறது.

"கல்யாணம், திருவிழான்னு தோட்டந்தோட்டமா இதத்தான் தூக்கிட்டுப் போனேன். இப்ப எல்லாருக்கும் தலை மட்டும் போதுங்க."

"இவ்வளவு நல்ல ஸ்டாண்ட ஏன் விக்கிறீங்க?"

அவர் ஸ்டாண்டைத் தூக்கி, படம் எடுக்கும் வெள்ளைத் துணிக்கு எதிரே நிறுத்துகிறார். தன் காமிராவை அதில் பொருத்தித் திருகை இறுக்குகிறார். அழுத்த வேண்டிய பொத்தானை எனக்குக் காட்டுகிறார். பிறகு ஆணியில் தொங்கும் கறுப்புக் கோட்டை மாட்டிக்கொண்டு, வெள்ளைத் துணிக்கு முன்னால் போய் உட்கார்கிறார்.

"ரெண்டு காதும் தெரியணுங்க."