மணி அடித்தும் மாறாத நிழல்

தென்காசியில் அண்ணன் தேகப்பயிற்சிச் சாலை நடத்தினார். அந்த வருஷம் சாரல் தொடங்கியதும் குற்றாலத்தில் ஒரு கொட்டகை பிடித்து ஆணழகன் போட்டி வைத்தார். லங்கோட்டோடு மேடையில் நிற்க மகனை அனுப்ப எந்த அப்பாவும் லேசில் சம்மதிக்கவில்லை. இலஞ்சியில் வயல் வைத்திருந்த ஒருவர் கடைசி நாளில்தான் மனம் இறங்கினார்.

"ஒரு பயலுக்கு ஒண்ணு ஆச்சுன்னா அதோட சரி. சாலையப் பூட்டிர வேண்டியதுதான்" என்று அண்ணன் சொல்லிக்கொண்டே இருந்தார்.

நான் பாலிடெக்னிக்கில் மின்சாரம் படித்திருந்தேன். விளக்குகள் என் பொறுப்பு. ஆனால் பெண்பிள்ளை மேடையைப் பார்க்கக் கூடாது என்று கொட்டகைக்காரர் சொல்லிவிட்டார். மெயின் சுவிட்சுக்கும் மேடைக்கும் நடுவே வெள்ளை வேட்டி கட்டினார்கள். எனக்குத் தெரிந்தவை நிழல்கள் மட்டும்.

பியூஸ், ஒயர், விளக்கு ஸ்டாண்டு, ஈரப் பலகைமேல் காய்ந்த சாக்கு என்று எல்லாம் பார்த்து வைத்திருந்தேன். நான் வேட்டிக்குப் பின்னால் போனதும் அண்ணன், அசிங்கமாக இருக்கிறதென்று சாக்கை எடுத்திருக்கிறார். தசை எடுப்பாகத் தெரிய இரும்பு ஸ்டாண்டையும் முன்னால் இழுத்திருக்கிறார். அதன் காலடியில் ஒயர் நசுங்கி ஸ்டாண்டில் கரண்டு ஏறியது பிறகுதான் தெரிந்தது.

அண்ணன் மணி அடித்தால் நிழல் வேறு போஸுக்கு மாறும். கடைசியாக இலஞ்சிக்காரர் மகன் வந்தான். இரும்புக் கம்பியைத் தலைக்கு மேல் தூக்கினான். இரும்பில் இரும்பு இடிக்கும் சத்தம் கேட்டது. மணி அடித்தது. நிழல் மாறவில்லை. மறுபடி அடித்தது. மாறவில்லை.

"எலே, நரம்பப் பாருலே! முறுக்கிக்கிட்டு நிக்கான்!"

"சத்தம் போடாதலே. மூச்சுகூட விடல அவன்."

நிழலின் ஓரம் மட்டும் நடுங்கியது. களைத்த கை விட்டுவிட்டு நடுங்கும். இது ஒரே சீராக நடுங்கியது.

மெயினை இறக்கினேன். இருட்டில் கம்பி விழும் சத்தம் கேட்டது. அதற்குப் பிறகு, யாரும் பதறாமல், கொட்டகை முழுவதும் கைதட்டியது.

பெட்ரோமாக்ஸ் வந்ததும் வேட்டியை விலக்கிக்கொண்டு ஓடினேன். அவன் பலகையில் உட்கார்ந்திருந்தான். மூச்சு வந்துகொண்டிருந்தது. கண் சிமிட்டவில்லை. இல்லாத கம்பியை இரண்டு கைகளும் இறுக்கிப் பிடித்திருந்தன. அண்ணன் மண்டியிட்டு ஒவ்வொரு விரலாகப் பிரித்தார். என்னை அண்ணாந்து பார்த்தார், நான் தலையசைத்தேன். எழுந்து சபையைப் பார்த்தார்.

"அண்ணாச்சிமாரே, இது போஸ் இல்ல. பிள்ளைக்குக் கரண்டு பிடிச்சிட்டு. போட்டி முடிஞ்சுது. எல்லாரும் வீட்டுக்குப் போங்க."

பிறகு பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள்.

"அண்ணாச்சி வேடிக்கை காட்டுதாருடே!"

விசில் பறந்தது. முன்வரிசையில் அவன் அப்பா எழுந்து நின்றார். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, முகமெல்லாம் சிரிப்பாக, இரண்டு கைகளையும் மகனை நோக்கி நீட்டினார்.

"இன்னொரு மட்டம் காட்டுலே, ராசா!"

அந்தக் குரல் கேட்டு, அண்ணன் பிரித்துவைத்த விரல்கள் ஒவ்வொன்றாக மறுபடி மடங்கின.