ஜெர்மன் நடிகையின் அழுகைக் காட்சி

என் வாழ்நாளில் ஒரே ஒரு நடிகையைத்தான் அருகிருந்து பார்த்திருக்கிறேன். அவர் ஜெர்மானியர். கணவர் ஓசூரில் ஒரு தொழிற்சாலைக்கு மேலாளராக வந்ததால் மத்திகிரியில் குடியேறியவர். அவர் வீட்டில் என் அம்மா வேலை செய்தாள். பள்ளி விடுமுறைகளில் நானும் உடன் செல்வேன். இளமையில் அவர் திரைப்படக் கதாநாயகி. பின்னர் பல ஆண்டுகள் தொலைக்காட்சித் தொடரொன்றில் மருத்துவர். நாற்பதைக் கடந்ததும், குற்றத் தொடர்களில் சடலத்தைக் கண்டு அலறும் பக்கத்து வீட்டுக்காரியானார். பிறகு அதுவும் நின்றுபோயிற்று. மடிக்கணினியில் தம் பழைய படங்களை எனக்குக் காட்டுகையில் தம்மையே ‘அவள்’ என்றுதான் குறிப்பிடுவார்.

ஒரு கோடையில், புதிய படமொன்றின் தாய் வேடத்துக்கு அவரைக் கேட்டிருந்தார்கள். ஒரு காட்சியை வீட்டிலேயே நடித்துப் பதிவுசெய்து, அன்று மாலைக்குள் அனுப்ப வேண்டும். இதுவும் தவறினால் இனி யாரும் கூப்பிடமாட்டார்கள் என்று சிறுமியான என்னிடமே ஆங்கிலத்தில் சொன்னார். கைப்பேசியைப் பிடிக்கும் பொறுப்பு எனக்கு. தன் குழந்தை இறந்த செய்தியைத் தாய் கேட்கும் காட்சி அது.

அவர் அலறியதும், பின்வாசலில் துணி உலர்த்திக்கொண்டிருந்த அம்மா ஓடிவந்தாள். எங்கள் பக்கத்தில் அழுகிறவளைத் தனியே அழவிடுவதில்லை. கழுத்தைக் கட்டிக்கொண்டு உடன் அழ வேண்டும். அம்மா அதைத்தான் செய்தாள்.

“அய்யோ, என்னாச்சும்மா? அடக்காதீங்க, அழுதுடுங்க!”

“அது ஆக்டிங்கும்மா, வுடு!” என்று நான் கத்தினேன்; சிரிப்பும் வந்துவிட்டது.

“என்னாடி இளிப்பு, மூதேவி!” என்றவள் அழுகையை விடவில்லை. நடிகை அழுது ஓய்ந்த பிறகும் அவளால் நிறுத்த முடியவில்லை. அவள் முதுகைத் தடவியபடி, யார் இறந்தது என்று கேட்கச் சொன்னார் நடிகை. கேட்டேன்.

“யாருமில்லன்னு சொல்லுடி,” என்று முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள் அம்மா.

அப்படியே சொன்னேன். மாலைக்கு இன்னும் நேரமிருந்தது. மறுபடி எடுக்கலாமென்று கைப்பேசியை உயர்த்தினேன். நடிகை அதை வாங்கி அணைத்துவிட்டார். வேடம் வேறொருவருக்குப் போயிற்று. ஜெர்மனிக்குத் திரும்பும்வரை அவரை யாரும் நடிக்க அழைக்கவில்லை. அம்மா கெடுத்துவிட்டாள் என்றே வெகுகாலம் எண்ணியிருந்தேன்.

நான் மொழிபெயர்த்த பதிலை நடிகை நம்பவில்லை என்பது அன்று எனக்குப் புரியவில்லை. பெயர் வைக்குமுன்பே போய்விட்ட ஓர் அண்ணன் எனக்கு இருந்ததும், பச்சைக் குழந்தைக்காக அழுதால் அடுத்தது தங்காது என்று உறவுகள் கூடி அம்மாவின் வாயை அடைத்ததும் தெரியாது. அந்த அடுத்தது நான்.